சுஹா என்னும் பெயர்



என் நண்பர் ஒருவருக்குப் பெண் மகவு பிறந்தது. குழந்தையின் பாட்டியார் அரபு மொழி பயின்றவர். பேர்த்திக்குச் 'சுஹா' என்று பெயரிட விரும்பினார். ஆயிஷா, பாத்திமா போல நாம் அடிக்கடி கேட்கும் பெயரன்று அது. நண்பர் அகராதியைப் புரட்டினார், முகம் வாடினார். மறத்தல், கவனியாது விடுதல் என்னும் பொருளுடைய வேர்ச்சொல்லோடு அப்பெயர் தொடர்புடையதாக இருந்தது. "கவனிக்கப்படாதவள் என்று என் மகளை நானே அழைப்பதா?" என்று என்னிடம் வந்து கேட்டார். அன்று அவருக்குச் சொன்ன விடையையே இன்று மாணவர்களாகிய உங்கள் முன் வைக்கிறேன்.

சுஹா என்பது ஒரு விண்மீன். நாம் சப்தரிஷி மண்டலம் என்று வழங்கும் ஏழு விண்மீன்களை அரபு மக்கள் 'பனாத் நஅஷ்' என்றனர். பாடையின் புதல்வியர் என்பது அதன் பொருள். சதுரமாய் அமைந்த நான்கும் பாடை. வாலாக நீளும் மூன்றும் அதன் பின்னே துயருடன் நடக்கும் பெண்கள். அம்மூவருள் நடுவில் நிற்பவளை ஒட்டி, மிக நுண்ணிய ஒளிப்புள்ளி ஒன்று உண்டு. அதுவே சுஹா. அருகிலுள்ள பெரிய விண்மீனின் ஒளியில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கே அதற்கு உண்டு. ஆதலால் மேலோட்டமாகப் பார்ப்பவர் அதனைத் தவறவிடுவர். பெயரின் பொருள் இங்கே விளங்குகிறது. குறை விண்மீனிடத்தில் இல்லை. பார்ப்பவர் கண்ணில் இருக்கிறது.

அரபு மக்கள் இதனைக் கொண்டே கண்ணின் கூர்மையைச் சோதித்தார்கள். கிரேக்க அறிஞர் தாலமியின் விண்மீன் பட்டியலில் இடம்பெறாத இதனை, 964ஆம் ஆண்டளவில் அப்துர் ரஹ்மான் அல் சூஃபி தம் அரபு நூலில் குறித்தார், அச்சோதனையையும் சொன்னார். அரபு மொழியில் ஒரு பழமொழியும் உண்டு. ஒருவர் சுஹாவைச் சுட்டிக் காட்ட, மற்றவர் சந்திரனைக் காட்டினாராம். நுட்பமான ஒன்றைச் சொல்லும்போது, எல்லாருக்கும் தெரிந்ததையே விடையாகத் தருவோரை நோக்கி எழுந்த மொழி அது.

இந்த விண்மீன் நமக்குப் புதியதன்று. திருமணத்தில் அம்மி மிதித்து அருந்ததி பார்ப்பார்களே, அந்த அருந்ததியே அரபு நாட்டுச் சுஹா! சங்கப் புலவர்கள் வடமீன் என்றும் சிறுமீன் என்றும் இதனையே கற்புக்கு உவமையாக்கினர். பாலைவனத்தில் பார்வைக்கு உரைகல்லாய் நின்ற மீன், நம் நாட்டில் இல்லறத்துக்குச் சான்றாய் நின்றது. இரு மக்களுமே ஒளி மிகுந்த மீன்களை விடுத்து, உற்று நோக்கினால் மட்டுமே தெரியும் ஒன்றைத் தேர்ந்தெடுத்தனர் என்பது என்னை வியக்க வைக்கிறது.

இக்கால வானியலும் இச்சிறுமீனுக்குப் பெருமையே சேர்க்கிறது. சுமார் 80 ஒளியாண்டுத் தொலைவிலிருக்கும் சுஹா, நம் சூரியனைப் போலப் பத்து மடங்குக்கும் மேலாக ஒளி வீசுவது. அங்கிருந்து நோக்கினால் நம் சூரியன் வெறுங்கண்ணுக்குப் புலப்படவே மாட்டான். 2009ஆம் ஆண்டில் மற்றொன்றும் தெரியவந்தது: சுஹாவுக்கும் மங்கிய செந்நிறத் துணைமீன் ஒன்று உண்டு. எத்தனையோ நூற்றாண்டுகளாகக் கண்களைச் சோதித்து வந்த மீன், தன்னிடமும் ஒன்றை மறைத்தே வைத்திருந்தது.

நான் நண்பரிடம் சொன்னேன்: "சுரையா என்பதும் விண்மீன்களின் பெயரே, நம் கார்த்திகைக் கூட்டம் அது. அதைக் காண முயற்சி வேண்டுவதில்லை. சுஹாவைக் காண நின்று நோக்க வேண்டும். உம் மகளை உலகம் அவ்வாறு நோக்கட்டும். முதலில் நீர் நோக்கும்." அவர் மறுமொழி கூறவில்லை. ஏழாம் நாள் குழந்தைக்குப் பாட்டியார் விரும்பிய பெயரே சூட்டப்பட்டது.

சித்திரை, வைகாசி மாதங்களில் முன்னிரவில் வடவானை நோக்குங்கள். ஏழு மீன்களை எண்ணியதும் திரும்பிவிடாதீர்கள். உங்கள் வகுப்பிலும் கடைசி வரிசையில், எவரும் பெயர் சொல்லி அழைக்காத ஒருவர் அமர்ந்திருக்கக் கூடும். அவரையும் சற்றே நின்று பாருங்கள்.