தியாகையர் வழிவந்த செல்வம்

புலவன் பாடியதை ஏடு காக்கும். சிற்பி செதுக்கியதைக் கல் காக்கும். இசைவாணன் பாடியதையோ இன்னொரு மனிதனின் குரலே காக்க வேண்டும். 1767ஆம் ஆண்டு பிறந்து, 1847ஆம் ஆண்டு திருவையாற்றில் மறைந்த தியாகராஜ சுவாமிகளின் கீர்த்தனைகள் இன்றும் ஒலிப்பது இதனாலேயே வியப்புக்குரியதாகும்.

சுவாமிகளின் மாணாக்கருள் வாலாஜாபேட்டை வேங்கடரமண பாகவதர் ஏடெழுதிக் காத்தார். மானம்புச்சாவடி வேங்கடசுப்பையரோ மாணாக்கரை உருவாக்கிக் காத்தார். அவரிடம் பயின்றோர் மகா வைத்தியநாதையரும் பட்டணம் சுப்பிரமணிய ஐயரும் ஆவர். பட்டணம் ஐயரின் மாணாக்கர் இராமநாதபுரம் பூச்சி சீனிவாச ஐயங்கார். அவர்தம் மாணாக்கர் அரியக்குடி இராமானுச ஐயங்கார். இருபதாம் நூற்றாண்டுக் கச்சேரிக்கு அமைப்பு வகுத்தவர் எனப் போற்றப்படும் அரியக்குடியார், 1967ஆம் ஆண்டு மறைந்தார். சுவாமிகளின் வாக்கு அவரை வந்தடைய இடையே மூவரே தேவைப்பட்டனர்.

இவர்கள் பெற்றுக்கொண்டது பாடல்களை மட்டுமன்று. பல்லவியின் ஒரே அடியை மீண்டும் மீண்டும் எடுத்து, ஒவ்வொரு முறையும் இராகத்தின் புதியதொரு சாயலைக் காட்டுவது சங்கதி. அதனைக் கீர்த்தனையின் உயிர்நாடியாக்கியவர் தியாகையர். இராகம் படிப்படியாக மலரும் வழியை அது பின்னோர்க்குக் கற்பித்தது.

வழியைக் கற்றவர்கள் தத்தம் திசையில் நடந்தனர். மகா வைத்தியநாதையர் எழுபத்திரண்டு மேளகர்த்தா இராகங்களையும் ஒரே மாலையாகத் தொடுத்தார். பட்டணம் ஐயர் கதனகுதூகலம் என்னும் இராகத்தில் விறுவிறுப்பான கீர்த்தனையொன்றை இயற்றினார். நேர் சீடமரபைச் சாராத பாபநாசம் சிவன், பல்லவி, அனுபல்லவி, சரணம் என்னும் அதே அமைப்பில் தமிழ்ப் பக்தியைப் பாடித் "தமிழ்த் தியாகையர்" எனும் பெயர் பெற்றார்.

ஆயினும் ஒரு வினா எழுகின்றது. இன்று பாடப்படும் சங்கதிகளுள் பல பின்வந்தோர் சேர்த்தவை. அவ்வாறு சேர்ப்பது குருத்துரோகமா, குருபக்தியா? சாகித்தியத்தின் பொருளை மறைத்துக் குரலின் வல்லமையை மட்டும் காட்டும் சங்கதி மிகையே. இராகத்தையும் பாவத்தையும் ஒருபடி உயர்த்தும் சங்கதியோ, சுவாமிகள் திறந்துவைத்த வாயில் வழியே வந்ததாகும்.

மாற்றமின்றிக் காப்பவர் இல்லையேல் மரபு மறையும். புதிது சேர்ப்பவர் இல்லையேல் அது உறையும். இருவகையினரையும் ஒருங்கே ஈன்றமையே தியாகையரின் பெருமை.