ஜுனைதா: பெயரும் பொருளும்

(கும்மிடிப்பூண்டி ஜும்ஆ உரை)



எல்லாப் புகழும் அல்லாஹ்வுக்கே. அவனுடைய தூதர் முஹம்மது (ஸல்) அவர்கள் மீதும், அவர்தம் குடும்பத்தார், தோழர்கள் மீதும் ஸலவாத்தும் ஸலாமும் உண்டாவதாக!

பிழைப்பை நாடி இந்தச் சிப்காட் வட்டாரத்தில் குடியேறிய இளம் குடும்பங்கள் நம் ஜமாஅத்தில் பெருகி வருகின்றன. குழந்தை பிறந்ததும், "ஹஜ்ரத், பெண் பிள்ளை, யாரும் வைக்காத பெயராகச் சொல்லுங்கள்" என்று கேட்கின்றனர். பொருள் என்னவென்று கேட்போர் மிகக் குறைவு. அரிய பெயரை விரும்புவது குற்றமன்று. ஓசையை மட்டும் நம்புவதில்தான் ஆபத்து இருக்கிறது.

உமர் (ரலி) அவர்களின் மகளார் ஒருவருக்கு 'ஆஸியா' என்ற பெயர் இருந்தது. அதற்கு 'மாறு செய்பவள்' என்று பொருள். நபி (ஸல்) அவர்கள் அதனை 'ஜமீலா' என மாற்றினார்கள். உடனே, "ஃபிர்அவ்னின் மனைவியார் பெயரும் ஆஸியாதானே?" என்று சிலர் திகைக்கக்கூடும். அரபியில் அவை வெவ்வேறு எழுத்துகளால் அமைந்த வெவ்வேறு சொற்கள். முன்னதில் ஐனும் ஸாதும் உள்ளன. பின்னதில் அலிஃபும் ஸீனும் உள்ளன. தமிழில் எழுதும்போது இரண்டும் ஒன்றாகிவிடுகின்றன. ஆகவே, தமிழெழுத்தில் அச்சிட்ட பெயர்ப் பட்டியலை மட்டும் பார்த்துப் பெயர் தேர்ந்தெடுப்பது போதாது.

இன்று ஓர் அரிய பெயரை எடுத்துக்கொள்வோம்: ஜுனைதா. ஆண்பாலாகிய 'ஜுனைத்' நமக்குப் பழக்கமானது. ஹிஜ்ரி மூன்றாம் நூற்றாண்டில் பக்தாதில் வாழ்ந்த ஜுனைத் (ரஹ்) அவர்களை அறியாதவர் யார்? பெண்பால் வடிவமோ நம் வீடுகளில் அரிதாகவே ஒலிக்கிறது.

'ஜுன்த்' என்றால் படை. அச்சொல்லைச் சிறிதாக்கினால் 'ஜுனைத்', அதாவது சிறுபடை. இவ்வாறு சிறிதாக்குவது அரபியரின் வழக்கம். ஹஸன் என்பதிலிருந்து ஹுஸைன் பிறந்ததும் இம்முறையில்தான். நம் வீடுகளில் 'குட்டி' என்று கொஞ்சுகிறோமே, அந்தக் குழைவு இதிலும் உண்டு. படை என்ற வலிமையும் மழலையின் மென்மையும் ஒரே சொல்லில் கூடியிருப்பதே இப்பெயரின் அழகு. உயிர்கள் அணிவகுத்த படைகளைப் போன்றவை. தம்முள் அறிமுகமானவை இணங்கும் என்ற கருத்தில் வரும் நபிமொழியிலும் இதே வேர்ச்சொல் ஆளப்பட்டுள்ளது.

இப்பெயரைத் தமிழுலகில் நிலைநிறுத்தியவர் நாகூரைச் சேர்ந்த சித்தி ஜுனைதா பேகம் அவர்கள். 1917இல் பிறந்தவர். (இங்கே 'சித்தி' என்பது தாயின் தங்கையன்று, பெண்டிரை மதித்து அழைக்கும் அரபு வழக்கு.) மூன்றாம் வகுப்போடு அவருடைய பள்ளிப்படிப்பு நின்றது. சிறு வயதிலேயே திருமணம், இளமையிலேயே கைம்மை. இவ்வளவுக்கும் பின், வீட்டிலிருந்தே தமிழ் பயின்று, 'காதலா கடமையா' என்னும் நாவலை எழுதி 1938இல் வெளியிட்டார். உ.வே. சாமிநாதையர் அதனைப் பாராட்டினார். முஸ்லிம் பெண் ஒருத்தி தன் பெயரை அச்சில் காண்பதே பலருக்குப் பிடிக்காத காலம் அது. அவர் 1998இல் மறையும்வரை அப்பெயர் மறைக்கப்படவில்லை.

சகோதரர்களே! சிறுபடை என்று பெயரிட்ட மகளை மூன்றாம் வகுப்போடு நிறுத்திய காலம் போய்விட்டதாக எண்ணிவிடாதீர்கள். பன்னிரண்டாம் வகுப்பில் நல்ல மதிப்பெண் பெற்ற பிள்ளையை, "கல்லூரி தூரம், பேருந்து மாறவேண்டும்" என்று வீட்டில் இருத்தும் தந்தையர் இன்றும் உள்ளனர். அதே தந்தை, வேலைக்காகத் தாம் ஊர்விட்டு ஊர் வந்ததைத் தூரமாகக் கருதுவதில்லை! பெயருக்காக ஏழு நாள் ஆராய்ந்தவர், அப்பிள்ளையின் படிப்புக்காக ஒரு நாளேனும் அமர்ந்து ஆலோசிக்கக் கூடாதா?

இனி, பெயரைப் பதிவு செய்வது பற்றிச் சில சொற்கள். ஒரே பிள்ளைக்குப் பள்ளியில் ஓர் எழுத்துக்கூட்டு, ஆதாரில் வேறு, கடவுச்சீட்டில் வேறு என்றிருந்தால் பின்னாளில் அலைச்சல்தான். 'ஜு' குறிலாகவே இருக்கட்டும். 'ஜூனைதா' என்று நீட்டினால் ஜூன் மாதம்தான் நினைவுக்கு வரும். பிறந்து ஓராண்டுக்குள் பிறப்புப் பதிவில் பெயரைச் சேர்க்கக் கட்டணமில்லை. அதன்பின் 15 ஆண்டுவரை தாமதக் கட்டணத்துடன் சேர்க்கலாம். 2023 அக்டோபர் முதல் நடைமுறையிலுள்ள சட்டத்திருத்தத்தின்படி, அதற்குப்பின் பிறந்தோருக்குப் பள்ளிச் சேர்க்கை முதல் பல தேவைகளுக்கும் பிறப்புச் சான்றிதழே ஆதாரம். அரபி, தமிழ், ஆங்கிலம் ஆகிய மூன்றிலும் எழுத்துக்கூட்டைச் சரிபார்க்க விரும்புவோர், தொழுகை முடிந்தபின் பள்ளிவாசல் அலுவலகத்திற்கு வரலாம்.