உண்ணல் கோளாறும் வினாத்தாளும்



உளவியல் துறைகளில் முதுகலை ஆய்வுக்குத் தலைப்புத் தேடும் பருவம் வந்தால், ‘கல்லூரி மாணவியரிடையே உண்ணல் கோளாறு’ என்ற தலைப்பு எங்காவது தட்டுப்படும். செய்முறையும் பெரும்பாலும் ஒன்றுதான். 26 வினாக்கள் கொண்ட தாளை வகுப்பில் கொடுப்பார்கள். கூட்டுத்தொகை 20ஐத் தொட்டவர்களையும் தாண்டியவர்களையும் எண்ணிச் சதவீதம் போடுவார்கள். அந்தச் சதவீதத்தை எவ்வளவு தூரம் நம்பலாம் என்பதே என் பேச்சு.

அந்தத் தாள் கனடாவின் டொராண்டோவில் பிறந்தது. டேவிட் கார்னரும் பால் கார்ஃபிங்கெலும் 1979இல் 40 வினாக்களுடன் வெளியிட்டார்கள். 1982இல் அது 26 ஆகச் சுருங்கியது. துறைக்குள் ‘ஈட்-26’ என்போம். ஒவ்வொரு வினாவுக்கும் ‘எப்போதும்’ தொடங்கி ‘ஒருபோதும் இல்லை’ வரை ஆறு விடைகள். முதல் மூன்றுக்கு 3, 2, 1 என்று மதிப்பெண். மற்ற மூன்றுக்கும் சுழியம். ஒரே ஒரு வினாவுக்கு மட்டும் இந்தக் கணக்கு தலைகீழ். (அதைத் திருப்பிப் போடாமலே கணினியில் ஏற்றிய ஆய்வேடுகளும் உண்டு. தேர்வாளர்கள் கவனிக்க!)

இந்தக் கருவி இந்தியாவுக்கு வந்தபோது என்ன ஆயிற்று? மைக்கேல் கிங், தினேஷ் புக்ரா இருவரும் வட இந்திய நகரம் ஒன்றில் 580 பள்ளி மாணவியரிடம் அதை இந்தியில் கொடுத்துப் பார்த்து, 1989இல் முடிவை வெளியிட்டார்கள். 29 சதவீதம் பேர் 20ஐத் தாண்டியிருந்தார்கள். ஒரு பள்ளியில் பத்துக்கு மூன்று பெண்கள் உண்ண மறுத்து மெலிந்துகொண்டிருந்தால் ஊருக்கே தெரிந்திருக்காதா? அவர்கள் அந்தச் சதவீதத்தைத் தலைப்புச் செய்தியாக்கவில்லை. விடைகளைத் தனித்தனியே புரட்டினார்கள். குறிப்பிட்ட சில வினாக்கள்தான் மதிப்பெண்ணை ஏற்றியிருந்தன. அந்த வினாக்களை மாணவியர் வேறு பொருளில் எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

இதில் வியப்பில்லை. உணவில் கட்டுப்பாடாக இருக்கிறாயா என்று ஒரு வினா. வெள்ளிக்கிழமை ஒருபொழுதும் சஷ்டி விரதமும் இருக்கும் வீட்டில் வளர்ந்த பெண் அதற்குப் பெருமையோடு ‘எப்போதும்’ என்று எழுதுவாள். இன்னும் அதிகம் சாப்பிடவேண்டும் என்று மற்றவர்கள் நினைக்கிறார்களா என்று இன்னொன்று. “இன்னொரு கரண்டி போட்டுக்கோ” என்று வற்புறுத்தாத அம்மா எந்த வீட்டில் இருக்கிறார்? விடை உண்மையானதுதான். அதை நோய்க்குறியாகக் கூட்டியதுதான் பிழை.

எதிர்ப்பக்கத்துப் பிழையும் உண்டு. அதற்கு ஹாங்காங் சாட்சி. மனநல மருத்துவர் சிங் லீயும் உடன் ஆய்ந்தவர்களும் உண்ண மறுத்து மெலியும் அனொரெக்ஸியா நோயாளிகள் 70 பேரைப் பற்றி 1993இல் எழுதினார்கள். அவர்களில் 41 பேருக்குப் பருத்துவிடுவோமோ என்ற பயமே இல்லை. வயிறு உப்புசமாக இருக்கிறது, பசியே இல்லை என்றுதான் சொன்னார்கள். பருமன் பயத்தையே திரும்பத் திரும்பக் கேட்கும் தாளில் இவர்கள் குறைந்த மதிப்பெண் வாங்கி நல்ல உடல்நலத்தோடு இருப்பதாகத் தேறிவிடுவார்கள். என் கணிப்பில் இதுவே மிகவும் ஆபத்தான பிழை. நோயில்லாதவரைச் சந்தேகித்தால் ஒரு நேர்காணல் வீண், அவ்வளவுதான். நோயுள்ளவரைத் தவறவிட்டால் உயிரே போகலாம்.

கேட்பவர் எதிரில் இருப்பதும் வெறும் தாள் இருப்பதும் ஒன்றா? ஆக்ஸ்ஃபோர்டின் கிறிஸ்டோபர் ஃபேர்பர்னும் சாரா பெக்லினும் 1994இல் இதைச் சோதித்தார்கள். கடந்த 28 நாள்களைப் பற்றிய ஒரே வகைக் கேள்விகளை நேர்காணலிலும் கேட்டார்கள், தாளிலும் கேட்டார்கள். வாந்தியைத் தாமே வரவழைத்துக்கொண்டது போன்றவற்றில் இரண்டும் நன்றாகவே ஒத்துப்போயின. கட்டுமீறி உண்பதில்தான் சிக்கல். தாளில் எண்ணிக்கை கூடியது. வாந்தி எடுத்தேனா இல்லையா என்பதில் ஐயத்துக்கு இடமில்லை. ‘அளவுக்கு மீறி’ என்பது யாருடைய அளவு? உணவைக் கண்டு அஞ்சும் ஒருத்திக்கு இரண்டு முறுக்கே அளவுமீறல். எதிரில் இருப்பவர் என்ன சாப்பிட்டாய், எவ்வளவு என்று விசாரித்துத் தானே முடிவு செய்வார். தாளால் அது முடியாது.

இனிக் கொஞ்சம் கணக்கு. லண்டனில் ஜான் மார்கனும் உடன் பணியாற்றியவர்களும் 1999இல் வெளியிட்ட ‘ஸ்காஃப்’ என்ற உண்ணல் கோளாறு வினாத்தாளில் ஐந்தே கேள்விகள். இரண்டுக்கு ‘ஆம்’ என்றால் சந்தேகிக்கலாம். அவர்கள் ஆய்வில் அது நோயாளிகளில் ஒருவரையும் தவறவிடவில்லை, நோயற்றவர்களில் 12.5 சதவீதம் பேரைத் தவறாகப் பிடித்தது. கேட்க அருமையான கருவி! இதையே 1,000 பெண்கள் படிக்கும் கல்லூரிக்குக் கொண்டுபோவோம். கணக்குக்காக 20 பேருக்கு நோய் என்று வைத்துக்கொள்ளுங்கள். 20 பேரும் பிடிபடுவார்கள். மீதி 980 பேரில் ஏறத்தாழ 122 பேரும் பிடிபடுவார்கள். ஆக, சந்தேகப் பட்டியலில் ஏழு பேரில் ஒருவருக்குத்தான் நோய். சல்லடையில் நின்றதையெல்லாம் கல் என்று எண்ணினால், மற்ற ஆறு பேரையும் நோயாளி என்று அறிக்கையில் ஏற்றிவிடுவோம். ஸ்காஃபை உருவாக்கியவர்களே அதைச் சந்தேகம் எழுப்பும் கருவி என்றுதான் சொன்னார்கள், நோயை உறுதி செய்யும் கருவி என்று சொல்லவில்லை.

நம் ஊருக்கேற்ற கேள்விகளை யோசித்தவர்கள் இல்லாமல் இல்லை. சென்னை மனநல மருத்துவர் டி. என். ஸ்ரீனிவாசனும் உடன் ஆய்ந்தவர்களும் 1998இல் மருத்துவ மாணவர்களிடம் செய்த ஆய்வை வெளியிட்டார்கள். முழு நோயின் இலக்கணத்துக்குள் வராத, ஆனால் உணவாலும் எடையாலும் மனம் வருந்தும் நிலையைத் தனியே அடையாளம் கண்டு, அதற்கென்றே ஒரு வினாப்பட்டியலையும் உருவாக்கினார்கள். டொராண்டோத் தாளை எடுத்து ஆள்வதற்கு முன் நம் மாணவர்கள் படிக்கவேண்டிய கட்டுரை அது.

ஆண்களைப் பற்றி ஒரு சொல். ஸ்காஃபைச் சோதித்தது 18 முதல் 40 வயதுப் பெண்களிடம். மார்பு அகலவேண்டும், கை பருக்கவேண்டும் என்று ஜிம்மில் தவம் கிடக்கும் இளைஞனை மெலிவைப் பற்றிய கேள்விகள் தொடவே தொடாது.

துறைத் தலைவர்களுக்கு என் வேண்டுகோள் இது. வகுப்பில் தாளைக் கொடுக்கும் முன், எல்லையைத் தாண்டுகிறவர்களை அதே வாரத்தில் தனியே அழைத்துப் பேச யார் இருக்கிறார்கள் என்று முடிவு செய்யுங்கள். குறைந்த மதிப்பெண் வாங்கியும் எடை சரிந்துகொண்டே போகும் மாணவியையும் அப்படி அழைக்கவேண்டியவர்களில் சேர்த்துக்கொள்ளுங்கள். அப்படிப் பேச ஆள் கிடைக்காத ஆண்டில் அந்த ஆய்வுத் தலைப்புக்கு அனுமதி தராதீர்கள்.