சுருள் காத்தவரும் அவரைப் படமாக்கியவரும்

ஏட்டுச் சுவடிகளைத் தேடி ஊர் ஊராய் அலைந்த உ.வே. சாமிநாதையரை நாம் அறிவோம். திரைப்படச் சுருள்களைத் தேடி அவ்வாறே அலைந்தவர் பி.கே. நாயர். திருவனந்தபுரத்திலே பிறந்த அவர், 1964-இல் புணேயில் தோன்றிய தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தை வளர்த்து, 1991-இல் ஓய்வு பெற்றார்.

அவருடைய வாழ்வைப் படமாக்கியவர் சிவேந்திர சிங் துங்கர்பூர். இராஜஸ்தானத்து அரச குடும்பத்தில் பிறந்து, புணே திரைப்படக் கழகத்திலே பயின்றவர். 2012-இல் வெளிவந்த அவருடைய 'செல்லுலாய்டு மேன்' இரண்டு தேசிய விருதுகளைப் பெற்றது. அரசாங்க ஏடுகளை மொழிபெயர்க்கும் நமக்கு இங்கே ஒரு வியப்பு: 'ஆவணம்' என்ற ஒரே சொல் காப்பகத்துக்கும் பொருந்துகிறது, இவ்வகைப் படத்துக்கும் பொருந்துகிறது!

இந்தியாவில் எடுக்கப்பட்ட பேசாப் படங்கள் சுமார் 1,700. காப்பகத்தில் எஞ்சியவை ஒன்பதே என்று அப்படம் கூறுகிறது. பழைய நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றுவது; அதிலுள்ள வெள்ளிக்காக அதனை உருக்கியவரும் உண்டு. நாசிக் சென்று பால்கேயின் குடும்பத்தாரிடமிருந்து நாயர் பெற்ற துண்டுகளிலிருந்தே 1919-ஆம் ஆண்டின் 'காளிய மர்த்தன்' மீண்டும் உருப்பெற்றது. அதிலே கண்ணனாக நடித்த சிறுமி பால்கேயின் மகள் மந்தாகினி. எந்தக் காட்சி எத்தனையாவது சுருளில் இருக்கிறதென்று முதியவரான நாயர் நினைவிலிருந்தே சொல்வது, அப்படத்தில் நம் உள்ளத்தைக் கவரும் பகுதி.

நம் பங்கு என்ன? நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த 'கீசக வதம்' இன்று இல்லை. 1931-இல் வந்த முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதாஸ்' அதுவும் இல்லை. நாயர் போன்ற ஒருவர் நமக்கு முன்னதாகவே வாய்த்திருக்கலாகாதா என்று ஏங்குகிறோம்.

சிவேந்திர சிங் படமெடுத்ததோடு நிற்கவில்லை. 2014-இல் திரைப்பட மரபுக்கென ஓர் அறக்கட்டளையை மும்பையில் நிறுவினார். சுருள்களைச் செப்பனிடும் தொழிலை இளைஞர்க்குக் கற்பிக்கும் பட்டறைகளை நடத்திவருகிறார். 2017-இல் அத்தகைய பட்டறையொன்று சென்னையிலும் நடைபெற்றது. அதற்கு முன்பே, உதயசங்கர் சென்னை ஜெமினி ஸ்டூடியோவில் எடுத்து 1948-இல் வெளியிட்ட 'கல்பனா' புதுப்பிக்கப்படவும் அவர் துணைநின்றார். அச்சுருள்கள் நாயரின் காப்பகத்திலே இருந்தவை. புதுப்பித்த படம் 2012-இல் கான் திரைப்பட விழாவிலே காட்டப்பட்டது.