கூட்டுவதா, கழிப்பதா? - தலைமை உரை



தொடக்கப் பள்ளிக் கணக்குக்கென்று ஒரு கருத்தரங்கு கூடுவதே அபூர்வம். அதிலும் வாழ்க்கைக் கணக்குக்கு மட்டும் ஒரு நாளை ஒதுக்கிய அமைப்பாளர்களைப் பாராட்டுகிறேன். தலைவர் பேச்சு நீண்டால் கட்டுரை வாசிப்பவர்களின் நேரம்தான் கரையும். ஒரே ஒரு செய்தியைச் சொல்லி அமர்கிறேன்.

நம் வகுப்பறைகளில் ஒரு குறுக்குவழி வேரூன்றிவிட்டது. 'மொத்தம்', 'அதிகம்' என்று வந்தால் கூட்டு. 'மீதி', 'குறைவு' என்று வந்தால் கழி. மதிப்பெண்ணுக்கு இது உதவுகிறது என்பதையும் மறுக்கமாட்டேன். ஆனால் இந்தக் கணக்கைப் பாருங்கள்: கமலாவிடம் 12 கோலிக்குண்டுகள் இருக்கின்றன. அது ரவியிடம் இருப்பதைவிட 5 அதிகம். ரவியிடம் எத்தனை? 'அதிகம்' கண்ணில் பட்டதுமே பிள்ளை 17 என்று எழுதிவிடுகிறது. விடை 7. கூட்டத் தெரியாமல் வந்த தவறா இது? இல்லை. யாரிடம் கூடுதல் என்று யோசிக்கவே நாம் அந்தப் பிள்ளைக்கு இடம் கொடுக்கவில்லை.

பிள்ளைகள்தான் இப்படி என்று எண்ண வேண்டாம். 1987இல் லூயிஸ், மேயர் என்ற இரு ஆய்வாளர்கள் இத்தகைய ஒப்பீட்டுக் கணக்குகளைக் கல்லூரி மாணவர்களிடமே கொடுத்துப் பார்த்தார்கள். கணக்கில் வரும் சொல் ஒரு பக்கமும் செய்ய வேண்டியது மறுபக்கமும் இழுத்த இடங்களில்தான் பிழைகள் மிகுந்தன.

'யாரிடம் எவ்வளவு அதிகம்' என்ற இதே ஒப்பீடு இன்னொரு வடிவிலும் வரும். இரண்டு எண்களின் கூட்டுத்தொகையும் வித்தியாசமும் தெரியும், எண்களைக் கண்டுபிடி என்பது மிகப் பழைய கணக்கு. அலெக்சாந்திரியாவின் டயோபாண்டஸ் தம் நூலின் முதல் கணக்காகவே இதை வைத்தார்: 100ஐ 40 வித்தியாசம் வருமாறு இரண்டாகப் பிரி. 1150இல் பாஸ்கரர் எழுதிய லீலாவதியிலும் இது உண்டு. அங்கே கூட்டுத்தொகை 101, வித்தியாசம் 25. அவர் இதற்குச் சொல்லும் பெயர் சங்கிரமணம். கூட்டுத்தொகையோடு வித்தியாசத்தைக் கூட்டியும், அதிலிருந்து கழித்தும் பாதியாக்கு என்பது விதி.

விதியை மனப்பாடம் செய்யவைத்தால் அதுவும் இன்னொரு குறுக்குவழியாகிவிடும். கரும்பலகையில் ஒன்றின் கீழ் ஒன்றாக இரண்டு கோடுகள் போடுங்கள். ஒன்று சற்று நீளமாக இருக்கட்டும். லீலாவதிக் கணக்கின்படி நீளமான கோட்டில் நீட்டிக்கொண்டிருக்கும் பகுதி 25. அதை அழித்துவிட்டால் இரண்டும் சமம். மிச்சம் 76, பாதி 38. அழித்ததைத் திரும்பச் சேர்த்தால் 63. நான்காம் வகுப்புப் பிள்ளைக்கு இது போதும். எக்ஸ், ஒய் எல்லாம் பிறகு வரட்டும்.

இதே படம் பெரியவர்களையும் காப்பாற்றும். மட்டையும் பந்தும் சேர்ந்து 110 ரூபாய். மட்டை பந்தைவிட 100 ரூபாய் அதிகம். பந்தின் விலை என்ன? இந்த வகைக் கேள்வியை ஷேன் ஃபிரெடெரிக் 2005இல் தம் ஆய்வுக் கட்டுரையில் பயன்படுத்தினார். பெயர்பெற்ற பல்கலைக்கழக மாணவர்கள் பலரே தடுமாறினார்கள். அவையில் சிலர் மனதுக்குள் 10 என்று சொல்லியிருப்பீர்கள். கோடு போட்டுப் பாருங்கள், 5 வரும்.

கட்டுரையாளர்களுக்கு ஒரு வேண்டுகோள். எத்தனை பிள்ளைகள் தவறு செய்தார்கள் என்ற எண்ணிக்கையோடு நின்றுவிடாதீர்கள். என்ன எழுதினார்கள், ஏன் அப்படி எழுதினார்கள் என்று அவர்கள் சொன்ன காரணத்தையும் அவர்கள் மொழியிலேயே இந்த அவையில் வையுங்கள். முதல் அமர்வைத் தொடங்கலாம்.