கண்ணிமைச் சிகிச்சையும் கணக்கு எழுதும் நேர்மையும்

(முன்னாள் மாணவர் சங்க ஆண்டுக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"உன் தொழிலைப் பத்தி ஒரு இருபது நிமிஷம் பேசு" என்று சங்கச் செயலாளர் அண்ணன் கேட்டுக்கொண்டார். நான் 2010-ல் மின்னணுவியல் முடித்து வெளியே போனவன். சென்னையில், அமெரிக்க மருத்துவர்கள் காப்பீட்டுக்கு அனுப்பும் பில்களைச் சரிபார்க்கும் மென்பொருள் எழுதுகிறேன். "இன்ஜினியரிங் படிச்சிட்டு பில் போடற வேலையா?" என்று ஊரில் கேட்பார்கள். இந்த அரங்கிலும் சிலர் மனசுக்குள் கேட்டுக்கொண்டிருக்கலாம். தப்பில்லை.

ஆனால் சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் நம் பிள்ளைகள் ஏராளமானோர் இந்த வேலையில் இருக்கிறார்கள். இறுதியாண்டு மாணவர்களுக்கும் இந்த அழைப்பு வரும். அதனால் முழுத் தொழிலையும் மேலோட்டமாகச் சொல்வதை விட, ஒரே ஒரு சின்ன விஷயத்தை எடுத்துக்கொள்கிறேன். கண்ணிமை அறுவைக்கு பில் போடும்போது கோடுக்குப் பின்னால் எழுதும் இரண்டெழுத்துக் குறி. ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம்.

குறி என்றால் என்ன?

அமெரிக்காவில் மருத்துவர் செய்யும் ஒவ்வொரு வேலைக்கும் ஐந்து இலக்க எண் உண்டு. சி.பி.டி. கோட் என்று பெயர். அமெரிக்க மருத்துவச் சங்கம் 1966-லிருந்து இதை வெளியிட்டு வருகிறது. வயதான காரணத்தால் மேலிமைத் தோல் தளர்ந்து பார்வையை மறைத்தால், அந்த அதிகப்படித் தோலை அகற்றுவதற்கு 15823. இமையைத் தூக்கும் தசை தளர்ந்து இமையே இறங்கிவிட்டால், வெளிப்பக்கமாகத் திறந்து அந்தத் தசையைச் சரிசெய்வதற்கு 67904.

என்ன செய்தார் என்பதை எண் சொல்லிவிடும். எந்தக் கண், எந்த இமை, ஒரு பக்கமா இரண்டு பக்கமா, இதற்கு முன் செய்த அறுவைக்கும் இதற்கும் சம்பந்தம் உண்டா? அதைச் சொல்வது மாடிஃபையர் என்கிற குறி. இமைகளுக்கென்றே நான்கு குறிகள் இருக்கின்றன. ஈ1 இடது மேலிமை, ஈ2 இடது கீழிமை, ஈ3 வலது மேலிமை, ஈ4 வலது கீழிமை. பக்கத்தை மட்டும் சொல்ல எல்.டி., ஆர்.டி. இருபக்கமும் செய்தால் 50.

கேட்க எவ்வளவு சுலபம்! சிக்கல் இனிமேல்தான்.

யாருடைய இடது?

முதலாண்டு இன்ஜினியரிங் டிராயிங் வகுப்பு ஞாபகம் இருக்கிறதா? முதல் கோண வீழ்ப்பில் இடப்பக்கத் தோற்றத்தை வலப்பக்கம் வரைவோம். மூன்றாம் கோணத்தில் அது இடப்பக்கமே வரும். எந்த முறை என்பதைக் காட்டும் சின்னம் தாளில் இல்லையென்றால் பேராசிரியர் தாளைத் தூக்கிப் போட்டுவிடுவார். இங்கேயும் அதே கதைதான். பில்லில் இடது வலது என்பது எப்போதும் நோயாளியுடையது. ஆனால் புகைப்படத்தில் நோயாளியின் வலது கண் நமக்கு இடப்பக்கம் தெரியும். படத்தை மட்டும் பார்த்துக் குறி போட்டால் ஈ3 வரவேண்டிய இடத்தில் ஈ1 வந்து நிற்கும்.

இன்னொரு வேடிக்கை கேளுங்கள். நோயைச் சொல்ல ஐ.சி.டி.-10 என்று வேறொரு கோட் தொகுப்பு உண்டு. அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதில் இமைத் தோல் தளர்ச்சிக்கு எச்02.831 என்றால் வலது மேலிமை, எச்02.834 என்றால் இடது மேலிமை. அதாவது நோய்க் கோட் வலது மேலிமையில் ஆரம்பிக்கிறது, சிகிச்சைக் குறி இடது மேலிமையில் ஆரம்பிக்கிறது! இரண்டிலும் 1 என்று பார்த்து "சரியா இருக்கு" என்று அனுப்பினால், வலது கண்ணில் நோய், இடது கண்ணில் அறுவை என்று எழுதியதாக ஆகிவிடும். இந்த முரண்பாட்டை மென்பொருள் ஒரு நொடியில் பிடித்துவிடும். ஆனால் எது சரி என்று அதற்குத் தெரியாது. அது ஆபரேஷன் குறிப்பில் மட்டும்தான் இருக்கிறது.

சில உதாரணங்கள்

ஒரே நாளில் இரண்டு மேலிமையிலும் தோல் அகற்றினால், மெடிகேர் என்கிற அரசு முதியோர் காப்பீட்டுக்கு 15823-50 என்று ஒரே வரி, எண்ணிக்கை 1. அதற்கு ஒரு பக்கக் கட்டணத்தில் 150 சதவீதம் வரை கிடைக்கும். 50-ஐயும் போட்டு எண்ணிக்கை 2 என்றும் எழுதினால் ஒரே விஷயத்தை இரண்டு தடவை சொன்னதாகும். சில தனியார் நிறுவனங்கள் ஆர்.டி., எல்.டி. என்று இரண்டு வரியாகவே கேட்கும். யார் பணம் தருகிறாரோ அவருடைய விதியைப் படிக்க வேண்டும்.

வலது மேலிமையில் ஒரு கட்டி, இடது கீழிமையில் ஒரு கட்டி, இரண்டையும் அகற்றினார்கள். கோட் 67840. குறியில்லாமல் இரண்டு வரி அனுப்பினால் இரண்டாவது வரி "நகல்" என்று திரும்பி வரும். ஈ3, ஈ2 போட்டால் விஷயம் தெளிவு.

சரி, அதே மாதிரி இரண்டு இமைகளில் நீர்க்கட்டி வந்தாலும் குறி போட்டு இரண்டு வரியாக எழுதலாமா? கூடாது! சலேஷியான் என்கிற இமை நீர்க்கட்டிக்கு, ஒன்று என்றால் 67800, ஒரே இமையில் பல என்றால் 67801, வெவ்வேறு இமைகளில் பல என்றால் 67805 என்று கோடிலேயே பிரித்து வைத்திருக்கிறார்கள். அங்கே 67805 ஒரு முறைதான். கோட் ஏற்கெனவே சொன்னதைக் குறி போட்டு உடைப்பது அதிகக் காசு கேட்பது.

ஜனவரியில் வலது இமை, மார்ச்சில் இடது இமை செய்தார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். பெரிய அறுவைக்குப் பின் 90 நாட்கள் வரையான கவனிப்பு முதல் கட்டணத்திலேயே அடக்கம். இரண்டாவது பில்லில் 79 போட்டு, "இது முந்தைய அறுவையோடு சம்பந்தமில்லாதது" என்று சொல்லி, பக்கத்துக்கு எல்.டி.யும் போட வேண்டும். கட்டணத்தைப் பாதிக்கும் குறி முன்னால், விவரம் சொல்லும் குறி பின்னால்.

59 என்னும் சாவி

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். எந்தெந்த வேலைகளை ஒன்றாகச் சேர்த்து பில் போடக்கூடாது என்று மெடிகேர் 1996 ஜனவரியிலிருந்து ஜோடிப் பட்டியல் வைத்திருக்கிறது. 67904-ம் 15823-ம் அப்படி ஒரு ஜோடி. ஒரே பக்கத்து மேலிமையில் தசையைச் சரிசெய்து தோலையும் அகற்றினால், தோலுக்குத் தனிக் கட்டணம் இல்லை. வலது பக்கம் தசை, இடது பக்கம் தோல் என்றால் இரண்டும் தனித்தனி. ஆர்.டி., எல்.டி. போட்டால் போதும்.

59 என்று ஒரு குறி இருக்கிறது. "இது தனித்த சிகிச்சை" என்று பொருள். பூட்டிய ஜோடியைத் திறக்கும் சாவி. உடற்பகுதியைச் சொல்லும் குறியாலேயே விஷயம் விளங்கினால் 59 போடக்கூடாது என்பது விதி. இதன் பயன்பாடு எல்லை மீறியதால்தான் 2015-ல் எக்ஸ்.இ., எக்ஸ்.எஸ்., எக்ஸ்.பி., எக்ஸ்.யு. என்று குறுகிய பொருள் கொண்ட நான்கு குறிகளைக் கொண்டுவந்தார்கள்.

சில வருஷங்களுக்கு முன் ஒரு கிளையண்ட், பெயர் வேண்டாம், எங்களிடம் கேட்டார்: "வேறொரு கட்டணத்தில் அடக்கம் என்று திரும்பி வரும் பில் எல்லாத்துக்கும் மென்பொருளே 59 போட்டு மறுபடி அனுப்பிடட்டும். மனுஷக் கை படவே வேண்டாம்." எழுதுவதற்கு அரை நாள் வேலை. எங்கள் டீமிலேயே சிலர் "கேட்டதைக் கொடுத்துட்டுப் போவோமே" என்றார்கள். நாங்கள் அந்த இமை பில்களையும் ஆபரேஷன் குறிப்புகளையும் பக்கத்துல பக்கத்துல வைத்துப் பார்த்தோம். பெரும்பாலானவை ஒரே இமையில் செய்த வேலை. அங்கே 59 என்பது பொய். மீதிச் சில உண்மையாகவே வெவ்வேறு கண்கள். அங்கே 59 தேவையே இல்லை, விட்டுப்போன ஆர்.டி., எல்.டி.தான் தேவை.

ஆக, பொய்யான பில்லுக்குச் சாவி கொடுத்து, நியாயமான பில்லையும் சந்தேகத்துக்கு ஆளாக்கும் வேலை அது. தானாகப் போடும் நிரலை எழுத முடியாது என்று சொன்னோம். அதற்குப் பதில், குறிப்பின் எந்த வரியை வைத்து இந்தக் குறி என்று கோடர் சுட்டிக்காட்டினால்தான் பில் நகரும்படி ஒரு திரை எழுதிக் கொடுத்தோம். கிளையண்டுக்குப் பிடிக்கவில்லை. அந்த வேலை எங்களை விட்டுப் போனது. டீமில் இரண்டு பேரை வேறு ப்ராஜெக்டுக்கு மாற்ற வேண்டியதாயிற்று. நேர்மைக்குச் செலவே கிடையாது என்று உங்களிடம் நான் சொல்ல மாட்டேன். செலவு உண்டு.

பொய்க்கும் செலவு உண்டு, அது பெரியது. அமெரிக்காவில் அரசிடம் தெரிந்தே தவறான கணக்குக் காட்டுவதற்கு எதிரான சட்டம் 1863-லேயே, உள்நாட்டுப் போர்க் காலத்திலேயே வந்தது. இழப்பைப் போல மூன்று மடங்கும், ஒவ்வொரு பில்லுக்கும் தனி அபராதமும் விதிக்கலாம். "எனக்குத் தெரியாது, சிஸ்டம் போட்டது" என்று கண்ணை மூடிக்கொள்வதும் அந்தச் சட்டத்தில் "தெரிந்தே" என்பதில் அடங்கும்.

அந்தப் பக்கம் ஒரு பாட்டி

பில்லின் மறுமுனையில் ஒரு மனுஷர் இருக்கிறார். பெரும்பாலும் 65 வயது தாண்டிய ஒரு பாட்டி. அழகுக்காகச் செய்யும் இமை அறுவைக்கு மெடிகேர் பணம் தராது. பார்வையை மறைத்தால் தரும். அதை நிரூபிக்கப் புகைப்படம் வேண்டும். இமையை நாடாவால் தூக்கி ஒட்டியும் ஒட்டாமலும் எடுத்த பார்வைப் பரப்புச் சோதனையையும் கேட்பார்கள். மருத்துவமனை வெளிநோயாளர் பிரிவில் செய்வதென்றால் 2020 ஜூலை முதல் முன் அனுமதியே வேண்டும்.

பணம் வராமல் போகலாம் என்று தோன்றினால், அறுவைக்கு முன்பே அந்தப் பாட்டியிடம் சொல்லிக் கையெழுத்து வாங்கி, பில்லில் ஜி.ஏ. போட வேண்டும். கையெழுத்து இல்லையென்றால் ஜி.இசட். சட்டப்படியே காப்பீடு இல்லாதது என்றால் ஜி.ஒய். ஜி.ஏ.-க்கும் ஜி.இசட்.-க்கும் உள்ள வித்தியாசம், செலவைப் பாட்டி கட்டுவதா மருத்துவர் ஏற்பதா என்பது. வாங்காத கையெழுத்தை வாங்கியதாக ஜி.ஏ. போட்டால், எங்கோ ஒரு கிழவியின் வீட்டுக்கு அவர் எதிர்பார்க்காத ஒரு பில் போய்ச் சேரும். நாம் இங்கே ராத்திரி ஷிப்டில் தட்டிய ஒரு எழுத்து அது!

தம்பி தங்கைகளுக்கு

இந்த வேலைக்குப் போனால் தினசரி டார்கெட் இருக்கும். நான் பார்த்த இடங்களில் 95 சதவீதம் சரியாக இருந்தால் பாஸ். நூற்றில் ஐந்து போனால் பரவாயில்லை என்று கணக்கு சொல்கிறது. அந்த ஐந்தும் ஐந்து மனிதர்கள் என்று நீங்கள் சொல்லிக்கொள்ளுங்கள். குறிப்பு தெளிவாக இல்லையென்றால் ஊகிக்காதீர்கள், மருத்துவரிடம் க்வெரி போடுங்கள். அங்கே பகல் ஆனதும் பதில் வரும். ஒரு நாள் தாமதமானால் ஒன்றும் குடிமுழுகிப் போகாது. மென்பொருள் எழுதப் போகிறவர்களே, எதைத் தானாகச் செய்ய முடியும் என்று மட்டும் பார்க்காதீர்கள். எதைத் தானாகச் செய்யக்கூடாது என்பதையும் தீர்மானிப்பவன்தான் இன்ஜினியர்.

"ஆத்துல போட்டாலும் அளந்து போடு" என்பார்கள் நம் பெரியவர்கள். நாம் ஆற்றில் போடவில்லை, அடுத்தவர் பணத்தையும் அடுத்தவர் உடம்பையும் அளந்து எழுதுகிறோம். ஈ3 என்று எழுதுவது, "இவருடைய வலது மேலிமையில் கத்தி பட்டது" என்று சாட்சி சொல்வது. பார்க்காததற்குச் சாட்சி சொல்லக்கூடாது. குறிப்பில் இருப்பதை மட்டும் எழுதினால் போதும், பில் போடுகிற வேலையும் கௌரவமான வேலைதான்.

இறுதியாண்டு மாணவர்கள் விரும்பினால், ஒரு சனிக்கிழமை வந்து மாதிரிக் குறிப்புகளை வைத்துக் கற்றுத்தரத் தயாராக இருக்கிறேன். துறைத்தலைவர் அவர்கள் நாள் குறித்துக் கொடுத்தால் போதும்.