கோட்டத்துக்கு வழி கண்டவர்

கம்பம் பள்ளத்தாக்குக் கூடலூர்க்காரர்களுக்கு மங்கலதேவி மலை புதிதல்ல. வண்ணாத்திப்பாறை உச்சியில் இடிந்து கிடக்கும் கற்கோயிலை அவர்கள் தலைமுறை தலைமுறையாக அறிவார்கள். அதுதான் சிலம்பு சொல்லும் கண்ணகி கோட்டம் என்று 1963இல் புலவர் உலகத்துக்கு எடுத்துக்காட்டியவர், கரந்தைப் புலவர் கல்லூரிப் பேராசிரியர் சி. கோவிந்தராசனார். தொன்மையான ஓர் இடத்தோடு ஒரு மனிதர் கொண்ட வாழ்நாள் உறவைப் பற்றிப் பேசும்போது அவரிடமிருந்துதான் தொடங்க வேண்டும்.

அவர் சிலம்பைக் காலால் படித்தவர். பூம்புகாரிலிருந்து காவிரிக்கரை, உறையூர், கொடும்பாளூர் வழியாக மதுரை. பிறகு மேலைவாயிலைக் கடந்து வையைக் கரையோடு மேற்கே. கண்ணகி நடந்ததாக இளங்கோ சொல்லும் வழியைப் பல ஆண்டுகள் தேடித்தேடி நடந்தார். ‘கண்ணகியார் அடிச்சுவட்டில்’ என்ற அவருடைய நூல் அந்த நடையில் பிறந்தது.

கண்ணகி ஏறிய குன்றம் திருச்செங்கோடு என்று உரைகாரர் காலத்திலேயே ஒரு கருத்து உண்டு. ஆனால் மதுரையை நீங்கிப் பதினான்காம் நாள் வேங்கை நிழலில் நின்றவளைக் கண்டவர்கள் மலைக்குறவர்கள். செய்தி போனது சேரன் செங்குட்டுவனுக்கு. வையையின் போக்கில் மேற்கே போகிறவர், சேரநாட்டு எல்லை மலையைத்தானே தொடுவார்? மங்கலதேவி மலையில் ஏறத்தாழ 1,300 மீட்டர் உயரத்தில் பெருங்கற்களை அடுக்கிய சுவர்கள், கல்வெட்டுகள், பக்கத்தில் சுனை. மலைக்கோட்டத்தை ஒட்டிச் சுனைகள் இருந்ததை சிலம்பின் வரந்தரு காதையும் சொல்கிறது. காப்பியத்தில் படித்ததைக் கோவிந்தராசனார் கல்லில் கண்டார். இன்று நிற்கும் கட்டடம் செங்குட்டுவன் காலத்தது என்று சொல்ல வேண்டியதில்லை. இடத்தின் நினைவு கட்டடத்தைவிடப் பழையது.

வையைப் பள்ளத்தாக்கின் தொன்மைக்குக் காப்பியம் மட்டும் சான்றல்ல. 2006இல் ஆண்டிபட்டி வட்டாரத்துப் புலிமான்கோம்பையில், தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தமிழ்பிராமி எழுத்துள்ள நடுகற்களைக் கண்டெடுத்தார்கள். ஒரு கல், கூடலூரில் நடந்த ஆநிரைப் பூசலில் இறந்த வீரனுக்காக நட்டது. அது நம் கம்பம் பள்ளத்தாக்குக் கூடலூராகவே இருக்கலாம் என்பது ஆய்வாளர் கருத்து. கிறிஸ்து பிறப்பதற்கு முன்பே இங்கே மாடு மேய்த்தவர்களின் ஊரில் எழுத்து இருந்தது என்பதைவிடப் பெருமை வேறென்ன?

கோட்டம் இருப்பது பெரியாறு புலிகள் காப்பகத்தை ஒட்டிய எல்லைக் காடு. தமிழ்நாடு, கேரளம் என இரு மாநிலங்களும் உரிமை பேசும் இடம். ஆண்டுக்கு ஒருநாள், சித்ரா பௌர்ணமியன்று மட்டுமே மக்களுக்கு வழி திறக்கிறது. குமுளியிலிருந்து ஜீப்பில் போகிறவர்கள் உண்டு. பளியன்குடியிலிருந்து செங்குத்தாக ஏறுகிறவர்களும் உண்டு. பொழுது சாய்வதற்குள் இறங்கிவிட வேண்டும். எந்தப் பாறையில் வழுக்கும், எந்தத் திருப்பத்தில் தண்ணீர் கிடைக்கும் என்பதெல்லாம் அடிவாரத்துப் பெரியவர்களுக்குத்தான் தெரியும். அந்த அறிவு இன்னும் எழுத்தில் ஏறவில்லை.

இந்த அவையிலுள்ள ஆசிரியர்களுக்கும் மாணவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். அடுத்த சித்ரா பௌர்ணமிக்கு முன்பாக, அடிவாரத்து ஊர்களில் அந்தப் பெரியவர்களைத் தேடிப் போங்கள்; அவர்கள் சொல்லும் பாதையையும் பாறைப் பெயர்களையும் அவர்கள் வாய்மொழியாகவே எழுதி வையுங்கள். உங்கள் ஊர் வயலிலோ கண்மாய்க்கரையிலோ எழுத்துள்ள கல் தென்பட்டால் சுண்ணாம்பு பூசாமல், இடம் மாற்றாமல், தொல்லியல் துறைக்குத் தெரிவியுங்கள்.